கருப்பைவாய்ப் புற்றுநோய்: உள்கதிர்வீச்சுக்குப் பின் தாமதமாக வரும் பக்கவிளைவுகள்

கருப்பைவாய்ப் புற்றுநோய்க்கு உள்கதிர்வீச்சுச் சிகிச்சை எடுத்துக்கொள்ளும் பெண்கள் பெரும்பாலும் முதலில் கேட்பது, பேரக்குழந்தையைப் பக்கத்தில் படுக்க வைத்துக்கொள்ளலாமா, தனித் தட்டில் சாப்பிட வேண்டுமா என்பதைத்தான். தாராளமாகப் படுக்க வைத்துக்கொள்ளலாம். தனித் தட்டும் தேவையில்லை. இப்போது பரவலாக உள்ள முறையில், மெல்லிய கம்பியின் நுனியில் பொருத்தப்பட்ட இரிடியம்-192 என்ற கதிரியக்கப் பொருள், கருப்பைக்குள்ளும் கருப்பைவாயை ஒட்டியும் வைக்கப்பட்ட குழாய்களின் வழியே சென்று, சில நிமிடங்கள் கதிர்வீசிவிட்டு, இயந்திரத்துக்கே திரும்பிவிடுகிறது. உடம்பில் எதுவும் தங்குவதில்லை. தைராய்டு புற்றுநோய்க்குக் கதிரியக்க அயோடின் விழுங்கியவர்கள் சில நாட்கள் குழந்தைகளிடமிருந்து விலகியிருக்க வேண்டும் என்பது உண்மை. அந்த விதியை யாரோ சொல்லக் கேட்டுத்தான் இவர்களும் பயப்படுகிறார்கள். கவலைப்பட வேண்டிய விஷயங்கள் வேறு, அவற்றைப் பற்றி அநேகமாக யாரும் கேட்பதில்லை.

முதல் சில வாரத் தொல்லைகளைச் சுருக்கமாகச் சொல்லிவிடலாம். குழாய்களை எடுத்த பிறகு சிறிது இரத்தக்கசிவு, வெள்ளைப்படுதல், சிறுநீர் கழிக்கும்போது எரிச்சல், அடிக்கடி மலம் போவது, அசதி ஆகியவை இருக்கும். இவற்றில் பல, ஐந்து வாரம் போல வெளியிலிருந்து வைத்த கரண்டின், அதாவது கதிர்வீச்சின், தொடர்ச்சியே. நிறையத் தண்ணீர் குடித்து, கொடுத்த மருந்துகளைச் சாப்பிட்டால் மெல்லக் குறையும். காய்ச்சல், கட்டுக்கடங்காத இரத்தப்போக்கு, சிறுநீர் அடைப்பு ஆகிய மூன்றுக்கும் அன்றே மருத்துவமனைக்கு வர வேண்டும். எரிச்சலுக்குப் பயந்து அடுத்த அமர்வைத் தள்ளிப்போடுவது மட்டும் கூடாது. சிகிச்சை முழுவதும் 8 வாரங்களுக்குள் முடிந்தால்தான் நோய் நன்றாகக் கட்டுப்படும்.

அதற்குப் பின் வருவதைத்தான் விளக்கமாகச் சொல்ல வேண்டியிருக்கிறது. கதிர்வீச்சு பட்ட பிறப்புறுப்புச் சுவர்கள் நாளடைவில் வறண்டு, மீள்தன்மை இழந்து, ஒன்றோடொன்று ஒட்டிச் சுருங்கக்கூடும். இதைத் தடுக்க, சிகிச்சை முடிந்து இரண்டு முதல் நான்கு வாரங்களில், புண் ஆறியதை மருத்துவர் பார்த்துச் சொன்ன பிறகு, டைலேட்டர் என்னும் வழவழப்பான உருளைக் கருவியைத் தண்ணீரில் கரையும் ஜெல் தடவி, வாரத்துக்கு இரண்டு மூன்று முறை, ஐந்து பத்து நிமிடங்கள் பயன்படுத்தச் சொல்கிறோம். இலேசாக இரத்தம் பட்டால் பயமில்லை. வலி கடுமையாக இருந்தாலோ இரத்தம் அதிகமானாலோ நிறுத்திவிட்டுக் காட்ட வேண்டும்.

அறுபதைத் தாண்டிய ஓர் அம்மா, அந்தக் கருவியை மஞ்சள் பைக்குள் அவசரமாகத் திணித்துக்கொண்டே, "வீட்டுக்காரர் போய்ச் சேர்ந்து எத்தனையோ வருஷமாச்சு, எனக்கு எதுக்கு டாக்டர் இது?" என்று கேட்டார். கேள்வி நியாயமானது. ஆனால் டைலேட்டர் தாம்பத்தியத்துக்காக மட்டும் கொடுக்கப்படுவதில்லை. பாதை மூடிக்கொண்டால், நோய் திரும்புகிறதா என்று உள்ளே பார்த்துச் சோதிக்கவே முடியாமல் போய்விடும். சோதனையும் தாங்க முடியாத வலியாகிவிடும். அதைச் சொன்ன பிறகுதான் அவர் உட்கார்ந்து, எப்படிப் பயன்படுத்துவது என்று கேட்டார்.

இளவயதுப் பெண்களுக்கு இன்னொன்றும் உண்டு: இடுப்புப் பகுதிக்கு வெளியிலிருந்து வைக்கும் கதிர்வீச்சில் சினைப்பைகள் செயலிழந்து, மாதவிடாய் நின்று, உடம்பு திடீரென்று அனல்போல் கொதிக்கும், வறட்சியும் கூடும். இதற்கு மருந்துகள் உள்ளன. புண் ஆறியபின் கணவரோடு சேர்வதால் அவருக்குப் புற்றுநோயோ கதிர்வீச்சோ தொற்றாது. இதைக் கணவரிடமும் நேரில் சொல்லவே நான் விரும்புகிறேன். ஆனால் பல கணவர்கள் வராந்தாவோடு நின்றுவிடுகிறார்கள்.

கருப்பைவாய்க்கு முன்னால் சிறுநீர்ப்பையும் பின்னால் மலக்குடலும் இருக்கின்றன. ஸ்கேன் பார்த்துத் திட்டமிட்டாலும், துணிச்சுருள் வைத்து அவற்றை விலக்கினாலும், கொஞ்சம் கதிர்வீச்சு அங்கும் படத்தான் செய்யும். அதன் விளைவு பெரும்பாலும் ஆறு மாதம் முதல் இரண்டு மூன்று ஆண்டுகளுக்குள் தெரியவரும்: சிலருக்குச் சிறுநீரில் இரத்தம், சிலருக்கு மலத்தோடு இரத்தம். அதற்குள் மருத்துவமனைக்கு வருவதே அரிதாகியிருக்கும் என்பதால், மலத்தில் இரத்தம் கண்டதும் மூலம் என்று முடிவுகட்டி, ஊசி போடவோ அறுக்கவோ போய்விடுகிறார்கள். இது ஆபத்தானது. கதிர்வீச்சு பட்ட மலக்குடலின் முன்சுவரில் கத்தி பட்டாலோ, சோதனைக்காகச் சதை கிள்ளி எடுத்தாலோ, அந்தப் புண் ஆறாமல், பிறப்புறுப்புக்கும் மலக்குடலுக்கும் இடையே ஓட்டை விழுந்து, மலம் முன்வழியாகக் கசியும் நிலைகூட ஏற்படலாம். இலேசான கசிவு தானாகவே நின்றுவிடுவதுண்டு. மற்றவர்களுக்கு சுக்ரால்ஃபேட் என்ற மருந்தை எனிமாவாகக் கொடுப்பதோ, உள்நோக்கிக் கருவி வழியாக ஆர்கான் வாயுவால் இரத்தக்குழாய்களைக் கருக்கும் முறையோ பலன் தரும். வேறு நோய் இல்லை என்பதையும் உறுதி செய்தாக வேண்டும் என்பதால் உள்நோக்கிப் பரிசோதனையைத் தவிர்க்க வேண்டியதில்லை. செய்பவரிடம் கதிர்வீச்சு எடுத்ததை முதலிலேயே சொல்லிவிட வேண்டும்.

டிஸ்சார்ஜ் தாளில் எந்தத் தேதிகளில், எத்தனை கிரே (கதிர்வீச்சை அளக்கும் அலகு) கதிர்வீச்சு கொடுக்கப்பட்டது என்று இருக்கும். அதைப் படம் பிடித்து மகன், மகள் கைப்பேசியிலும் வைத்துக்கொண்டு, எத்தனை ஆண்டு கழித்து எந்த மருத்துவரைப் பார்த்தாலும், அடிவயிற்றிலோ ஆசனவாயிலோ எதையும் செய்வதற்கு முன் காட்டுங்கள்.