‘டவுட் இருக்கா?’ என்று கேட்டால் யாரும் பேசமாட்டார்கள்

மத்திய அரசின் ஸ்வயம் இணையத்தளத்தில் பாடத்துக்குப் பதிவு செய்வது, வீடியோவை இரட்டை வேகத்தில் ஓடவிடுவது, அசைன்மென்ட் விடையை வாட்ஸ்அப்பில் வாங்கிப் போடுவது. இதெல்லாம் எங்கள் தஞ்சைப் பக்கத்தில் மட்டும் நடப்பதில்லை. அதில் ஐஐடிகள் முதலியவை நடத்தும் என்பிடெல் பாடங்களில் அசைன்மென்டுக்கு 25 மதிப்பெண், நேரில் எழுதும் தேர்வுக்கு 75. காப்பியடித்தவர்கள் அந்தத் தேர்வில் மாட்டுகிறார்கள். பிள்ளைகளை மட்டும் திட்டிப் பயனில்லை. கூகுளில் விடை கிடைக்கும் கேள்விக்கு யார் மண்டையை உடைத்துக்கொள்வார்கள்?

நான் கல்லூரியில் நடத்துவது பொருளியல். பொதுவளம், அதாவது எல்லோரும் சேர்ந்து பயன்படுத்தும் நிலம், நீர் போன்றவை, என்றாலே அமெரிக்கச் சூழலியலாளர் கேரட் ஹார்டின் 1968-ல் எழுதிய கட்டுரை வந்துவிடும்: பொது மேய்ச்சல் நிலத்தில் ஆளாளுக்கு மாட்டைப் பெருக்கினால் நிலமே பாழாகும். ‘இதை விவாதிக்கவும்’ என்றால் முன்பெஞ்சில் இரண்டு பேர் ஒப்பிப்பார்கள், அவ்வளவுதான்.

அதனால் வீடியோவை வீட்டில் பார்த்துவிட்டு, கூடவே பெரியவர்களிடம் விசாரித்துவரச் சொல்கிறேன். மேட்டூர் திறந்தபின் உங்கள் வாய்க்காலுக்குத் தண்ணீர் எப்போது வந்தது? முறை வைப்பது யார்? ராத்திரியில் யாராவது மடையைத் திருப்பிவிட்டால் என்ன செய்வீர்கள்? வயல் இல்லாத வீடு என்றால் ஊர்க் குளத்து மீன் ஏலம் போதும்.

கல்லணைக் கால்வாயில் மேலே இருக்கும் ஒரத்தநாட்டுப் பையனுக்குத் தண்ணீர் பெரிய விஷயமாகத் தெரியவில்லை. அதே கால்வாயின் கடைமடையான பேராவூரணிப் பெண் விடவில்லை.

“நீங்க மேலயே அடைச்சுக்குறீங்க. நாத்து காஞ்சப்புறம்தான் எங்களுக்கு வருது.”

“நாங்க எங்க அடைக்கிறோம்? லஸ்கர்தானே ஷட்டரத் தூக்குறாரு!”

லஸ்கர் என்றால் ஷட்டரைத் திறந்து மூடும் அரசுப் பணியாளர். வகுப்பே இரண்டாகிவிட்டது. அப்புறம்தான் எலினார் ஆஸ்ட்ரமை எடுத்தேன். 2009-ல் பொருளியல் நோபல் பெற்றவர். அந்தப் பரிசை வாங்கிய முதல் பெண். பயன்படுத்துகிறவர்களே விதி வகுத்து, தாங்களே கண்காணித்து, மீறினால் முதலில் சிறிதாகவும் பிறகு கூட்டியும் தண்டம் போட்டால் பொதுவளம் பிழைக்கும் என்று காட்டியவர். ஒவ்வொன்றையும் தங்கள் வாய்க்காலோடு வைத்துப் பார்த்தார்கள். “எங்க ஊர்ல அபராதமெல்லாம் இல்ல சார், நேரா சண்டைதான்” என்றது பின்பெஞ்சு.

கேட்டுவிட்டுக் காத்திருப்பதும் முக்கியம். ஆசிரியர்கள் பெரும்பாலும் ஒரு விநாடிகூடப் பொறுப்பதில்லை என்பதை அமெரிக்கக் கல்வி ஆய்வாளர் மேரி பட் ரோ 1970-களிலேயே கண்டறிந்தார். மூன்று விநாடி பொறுத்தால் பதில் நீள்கிறது, வாய் திறக்காதவர்களும் பேசுகிறார்கள். நமக்கு அது யுகமாகத் தெரியும், சரி. பக்கத்தில் இருப்பவரோடு முதலில் பேசிக்கொள்ளச் சொன்னால் கூச்சமும் குறையும். எத்தனை தடவை பேசினார்கள் என்று எண்ணி மார்க் போடாதீர்கள். வெறும் ‘ஆமாம் சார்’தான் பெருகும்.

அன்று யார் பக்கம் நியாயம் என்று நான் சொல்லவில்லை. பரீட்சைக்கு வேண்டிய வரையறையை மட்டும் கடைசி ஐந்து நிமிடத்தில் போர்டில் எழுதிப்போட்டேன்.