உடைஞ்ச ஸ்பிரிங் பட்டைக்கு வெல்டிங் வைக்காதீங்க

வண்டி ஒரு பக்கமா சாஞ்சு நிக்குது, பட்டை ஒண்ணு உடைஞ்சிருச்சு, அவசர லோடு, வெல்டிங் வச்சு விட்ருங்கன்னு டிரைவருங்க கேக்கும்போது எனக்கு பகீர்னு இருக்கும். ஸ்பிரிங் பட்டைன்னா வண்டிக்கு அடியில ஒண்ணுமேல ஒண்ணா அடுக்கி லோட தாங்குற வளைஞ்ச பட்டைங்க. அது சாதா இரும்பு கிடையாதுங்க, பதம் ஏத்துன ஸ்டீல், வெல்டிங் சூட்டுல அந்தப் பதம் போயிரும், அப்புறம் ஏதோ ஒரு பள்ளத்துல வெல்டிங்குக்குப் பக்கத்துலயே படக்குன்னு விட்டுரும்.

அப்படி ஒரு வண்டி என்கிட்ட வந்துச்சு. முன்பக்க மெயின் பட்டைல வேற ஏதோ பட்டறைல வெல்டிங் வச்சிருக்காங்க, அது விட்டுப்போயி சக்கரத்த தாங்குற ஆக்சில் ஒரு பக்கம் பின்னால நகந்து ஸ்டீயரிங் இழுக்குது. ரெண்டு முனைலயும் கண்ணு, அதாவது வளையம், இருக்குற அந்த மெயின் பட்டைதான் ஆக்சில அதோட எடத்துல பிடிச்சு வச்சிருக்கு. டிரைவர் மெதுவா ஓட்டிட்டு வந்ததால தப்பிச்சாரு.

பட்டை மாத்துறதோட விட்றாதீங்க, ஏன் உடைஞ்சுதுன்னு பாருங்க. பட்டைங்கள நடுவுல கோத்துப் பிடிக்கிற சென்டர் போல்ட்டோட ஓட்டை வழியா உடைஞ்சிருந்தா நான் மொதல்ல சந்தேகப்படுறது, பட்டைங்கள ஆக்சிலோட சேத்து இறுக்குற யூ போல்ட் லூஸத்தான், இறுக்கமா இருந்தா நடுப்பகுதி அசையவே அசையாது, லூஸானா ஒவ்வொரு குலுக்கலுக்கும் அந்த ஓட்டைகிட்டதான் வளையும். உடைஞ்ச முகத்துல பாதி துரு, பாதி பளபளப்புன்னா விரிசல் விட்டு ரொம்ப நாளாச்சுன்னு அர்த்தம், யாரும் குனிஞ்சு பாக்கல.

பழைய யூ போல்ட்ட திருப்பிப் போடாதீங்க, ஏற்கனவே இழுபட்டது அது. நட்ட குறுக்கு குறுக்கா, கொஞ்சம் கொஞ்சமா கம்பெனி சொன்ன டார்க் (முறுக்குற அளவு) வரைக்கும் முறுக்குங்க. லோடோட ஓடுனதும் பட்டைங்க ஒண்ணுமேல ஒண்ணு அமுங்கி உக்காரும், அதனால மறுபடி ஒரு தடவ டைட் பண்ணியே ஆகணும், இத சொல்லி சொல்லி எனக்கு வாய் வலிக்குது.

கூட ஒரு பட்டை போட்டா அதிக லோடு ஏத்தலாம்னு ஒரு நெனப்பு இருக்கு. பட்டை தாங்கும், ஆனா ஆக்சிலும் பிரேக்கும் டயரும் பழசுதானே?

வேலை செய்யும்போது ஜாக்கிய மட்டும் நம்பி அடியில போகாதீங்க, சேசிஸுக்கு ஸ்டாண்டு வைங்க. பட்டைக் கட்ட பிரிக்கிறப்போ கிளாம்ப் போட்டு அமுக்கிட்டு அப்புறம் சென்டர் போல்ட்ட கழட்டுங்க, இல்லன்னா வளைஞ்ச பட்டை தெறிச்சு மூஞ்சில அடிக்கும்.

வழில உடைஞ்சா, உடைஞ்ச துண்டு டயர்லயோ பிரேக் ஹோஸ்லயோ உரசுதான்னு மொதல்ல பாருங்க. முன்பக்க மெயின் பட்டைன்னா ஓட்டவே ஓட்டாதீங்க, லேட்டானாலும் பரவால்ல, முதலாளிக்கு போன் போட்டு ரெக்கவரி வண்டிய வரச் சொல்லுங்க.