குழலில் உள்ள பெயரை நம்பி ஃபயரிங் பின் வாங்காதீர்கள்

பழைய சிங்கிள் ஷாட் (ஒரு நேரத்தில் ஒரே தோட்டா போடும்) துப்பாக்கியைப் பழுதுபார்க்கக் கொண்டு வருகிறவர்களில் பலர் முதலில் சொல்வது குழலில் பொறித்திருக்கும் பெயரைத்தான். "வெஸ்டர்ன் ஃபீல்டுக்கு ஃபயரிங் பின் வேண்டும்" என்பார்கள். (தோட்டாவின் பின்பக்கத்தைக் குத்தி வெடிக்க வைக்கும் ஊசிதான் ஃபயரிங் பின்.) ஆனால் வெஸ்டர்ன் ஃபீல்டு என்று ஒரு தொழிற்சாலை கிடையாது. அமெரிக்காவில் மாண்ட்கோமரி வார்டு என்ற கடை நிறுவனம் தான் விற்ற துப்பாக்கிகளுக்கு வைத்துக்கொண்ட பெயர் அது. அதேபோன்ற கடை நிறுவனமான சியர்ஸ் வைத்த பெயர்கள் ரேஞ்சர், ஜே.சி. ஹிக்கின்ஸ். வெஸ்டர்ன் ஆட்டோ வைத்தது ரெவலேஷன். துப்பாக்கியைச் செய்து கொடுத்தவர்கள் வேறு: ஸ்டீவன்ஸ், சாவேஜ் போன்ற கம்பெனிகள். ஒரே கடைப்பெயரில் பல தொழிற்சாலைகளின் சரக்கு வந்திருக்கிறது.

ஆகவே தேட வேண்டியது செய்தவரின் மாடலை. கடைப்பெயரையும் அதன் எண்ணையும் கொடுத்தால் அசல் மாடலைச் சொல்லும் ஒப்பீட்டுப் பட்டியல்கள் உதிரிபாகம் விற்பவர்களிடம் இருக்கும். ஜே.சி. ஹிக்கின்ஸில் எண் 101 என்று தொடங்கினால் சாவேஜ், ஸ்டீவன்ஸ் பக்கம் பாருங்கள். மாடல் எண்ணுக்குப் பின்னால் வரும் எழுத்தையும் விடாதீர்கள். ஸ்டீவன்ஸ் 94 வேறு, 94பி வேறு. கடைசி எழுத்தைச் சொல்லாமல் ஆர்டர் கொடுத்துவிட்டு, வந்த பாகம் சேரவில்லை என்று வருகிறவர்கள் நிறைய.

சீரியல் எண் இல்லையே என்று பயப்பட வேண்டாம். நீளத் துப்பாக்கிகளுக்கு அது கட்டாயமானதே அமெரிக்காவின் 1968 துப்பாக்கிச் சட்டத்துக்குப் பிறகுதான். முன்கட்டையை (குழலுக்கு அடியில் கைபிடிக்கும் மரத்தை) கழற்றினால் குழலின் அடியில், ஃப்ரேமில் (குழல் வந்து சேரும் நடு உடலில்), முன்கட்டை இரும்பில் எண்கள் தெரியலாம். அவை ஒன்றுக்கொன்று பொருந்தினால் குழல் மாற்றப்படவில்லை என்று பெரும்பாலும் நம்பலாம். (எதைக் கழற்றும் முன்பும் துப்பாக்கியைத் திறந்து, தோட்டா அமரும் அறை காலியா என்று கண்ணால் பாருங்கள். வீட்டில் பல வருடம் சும்மா கிடந்தது என்பது காலியாக இருப்பதற்குச் சாட்சி அல்ல.)

அப்புறம், உடைந்த பாகத்தைத் தூக்கிப் போடாதீர்கள். பட்டியலில் உள்ள படத்தைவிட அந்தத் துண்டுகள் அதிகம் சொல்லும். ஃபயரிங் பின் என்றால் மொத்த நீளம், தண்டின் விட்டம், நுனியின் விட்டம், வெட்டுப்பள்ளம் எங்கே இருக்கிறது என்பதைக் காலிப்பரால் அளந்து குறியுங்கள். நுனி உடைந்து போயிருந்தால் நீளத்தை ஊகிக்காதீர்கள். நீளம் கூடினால் தோட்டாவின் பிரைமர் (பின் குத்தும் இடத்தில் உள்ள வெடிமூடி) துளைபட்டு வாயு பின்னால் பீறிடும். குறைந்தால் வெடிக்காது. புதிய பின்னை மாட்டிய பிறகு நுனி எவ்வளவு வெளியே நிற்கிறது என்று அளந்து, தேவையானால் தேய்த்துச் சரிசெய்ய வேண்டும். ஸ்ப்ரிங்கில் பார்க்க வேண்டியது தட்டையா சுருளா என்பது. ஒரே மாடலில்கூட முந்தைய, பிந்தைய தயாரிப்புகளுக்கு உள்பாகங்கள் மாறியிருக்கலாம். திருகு விஷயத்தில், ஹார்டுவேர் கடையில் வாங்கியதை வலுக்கட்டாயமாக முறுக்கினால் ஃப்ரேமின் மரை போய்விடும். சின்னத் திருகுக்காகப் பெரிய செலவு.

குழல் மட்டும் தனிக் கதை. அதே மாடல், அதே கேஜ் (குழலின் உள்விட்ட அளவு) என்றாலும் இன்னொரு துப்பாக்கியின் குழல் அப்படியே பொருந்தும் என்று நினைக்கக் கூடாது. ஒவ்வொன்றையும் அதனதன் ஃப்ரேமுக்கு ராவி இழைத்துச் சேர்த்திருப்பார்கள். மூடிய பிறகு குழலுக்கும் ஃப்ரேமுக்கும் நடுவே ஆட்டம் இருந்தால், புதுப் பாகம் வாங்கும் முன் தொழில் தெரிந்தவரிடம் காட்டுங்கள். பழைய 16 கேஜில் இன்னொரு சிக்கலும் உண்டு. பலவற்றின் அறை 2 9/16 அங்குலம்தான். இன்றைய 2¾ அங்குலத் தோட்டா அதில் தடங்கலின்றி நுழைந்துவிடும், ஏனென்றால் 2¾ என்பது சுட்ட பிறகு தோட்டாவின் வாய் விரிந்த நீளம். விரிய இடமில்லாமல் அழுத்தம் ஏறும். எனவே அறையை அளக்காமல் அந்த வகைத் துப்பாக்கிக்கு நான் எந்தப் பாகமும் மாட்டித் தருவதில்லை.