40 லட்சம் கடன், 83 லட்சம் தவணை: வீட்டுக் கடனுக்குள் என்ன நடக்கிறது?

40 லட்சம் ரூபாய் வீட்டுக் கடன், 8.5 சதவீத வட்டி, 20 வருடம். மாதத் தவணை 34,713 ரூபாய். வங்கியில் உட்கார்ந்திருக்கும்போது யாருக்கும் இதை 240 மாதத்தால் பெருக்கத் தோன்றுவதில்லை. வீட்டுக்கு வந்து பெருக்கினால் 83 லட்சத்து 31 ஆயிரம் வருகிறது. வட்டி மட்டும் 43 லட்சம், அதாவது வாங்கிய கடனைவிட அதிகம். இதைப் பார்த்ததும் சிலர் பேங்க்காரன் கொள்ளையடிக்கிறான் என்று கொதிக்கிறார்கள், மற்றவர்கள் இதையெல்லாம் பார்த்தால் வீடு வாங்கவே முடியாது என்று தாளை மடித்து வைத்துவிடுகிறார்கள். அந்த 83 லட்சம் எங்கிருந்து வந்தது என்று இரண்டு பேருமே பார்ப்பதில்லை. பார்த்தால், அது வட்டி விகிதத்தால் மட்டும் வந்த எண் இல்லை என்பதும், அதில் பாதி முடிவு நம் கையில் இருந்தது என்பதும் தெரியும்.

முதலில் வட்டியை நம் ஊர்க் கணக்குக்கு மாற்றிவிடலாம். கந்து வட்டியை நாம் 'ரெண்டு வட்டி', 'மூணு வட்டி' என்று நூறு ரூபாய்க்கு மாதத்துக்கு இவ்வளவு என்றுதான் சொல்கிறோம். வருடத்துக்கு 8.5 சதவீதம் என்றால் அந்தக் கணக்கில் சுமார் 71 பைசா வட்டி. இந்த நாட்டில் ஒரு சாதாரண மனிதனுக்குக் கிடைக்கும் மலிவான கடன்களில் இது ஒன்று. அப்புறம் எப்படி இவ்வளவு ஆகிறது?

வங்கியின் கணினி ஒவ்வொரு மாதமும் செய்வது ஒரே ஒரு வேலைதான். நீங்கள் இன்னும் பாக்கி வைத்திருக்கும் அசலுக்கு ஒரு மாத வட்டி போடும், நீங்கள் கட்டிய தவணையில் அந்த வட்டியை எடுத்துக்கொள்ளும், மிச்சத்தை அசலில் கழிக்கும். முதல் மாதம் 40 லட்சத்துக்கு வட்டி 28,333 ரூபாய். தவணை 34,713. அசலில் குறைவது வெறும் 6,380 ரூபாய். அடுத்த மாதம் பாக்கி அந்த 6,380 அளவுக்குக் குறைந்திருப்பதால் வட்டி 45 ரூபாய் குறையும், அசலுக்குப் போவது 6,425 ஆகும். இப்படியே ஊர்ந்து போகிறது.

ஊர்வது என்று சும்மா சொல்லவில்லை. ஐந்து வருடம் ஒரு தவணைகூடத் தவறாமல் கட்டினால் 20 லட்சத்து 83 ஆயிரம் போயிருக்கும், கடனில் குறைந்தது 4 லட்சத்து 75 ஆயிரம். பத்து வருடத்தில் 41 லட்சத்து 66 ஆயிரம் கட்டியிருப்பீர்கள், அதாவது வாங்கிய தொகையைத் தாண்டியிருப்பீர்கள், ஆனால் ஸ்டேட்மென்ட்டில் இன்னும் 28 லட்சம் பாக்கி நிற்கும். தவணையில் வட்டியைவிட அசல் அதிகமாக ஆவதே 143-வது மாதத்தில்தான், கிட்டத்தட்ட 12 வருடம் கழித்து. கடன் பாதியாகக் குறைய 14 வருடம் ஆகிறது.

"பேங்க் முதலில் வட்டியை எடுத்துக்கொள்கிறது, அசலைக் கடைசியில்தான் எடுக்கிறது" என்று பரவலாகச் சொல்வார்கள். ஸ்டேட்மென்ட்டைப் பார்த்தால் அப்படித்தான் தெரியும், ஆனால் அது சரியில்லை. வங்கி வட்டியை முன்கூட்டி எடுப்பதில்லை, அந்தந்த மாதத்துக்கு உரியதை மட்டும்தான் எடுக்கிறது. இதைச் சரிபார்க்க அதே 40 லட்சத்தை 15 வருடத்துக்கும் 30 வருடத்துக்கும் போட்டுப் பாருங்கள். 15 வருடம் என்றால் தவணை 39,390, 30 வருடம் என்றால் 30,757. முதல் மாத வட்டி மூன்றிலும் அதே 28,333 ரூபாய்தான், ஒரு ரூபாய்கூட மாறாது. மாறுவது மிச்சம் மட்டும்: 15 வருடக் கடனில் அசலுக்கு 11,057, 20 வருடத்தில் 6,380, 30 வருடத்தில் 2,424.

இந்த மூன்று எண்களில்தான் விஷயமே இருக்கிறது. வட்டி என்பது அந்தப் பணத்தை வைத்திருப்பதற்கான மாத வாடகை, அதை எப்படியும் கட்டித்தான் ஆக வேண்டும். கடனைக் கரைப்பது அதற்கு மேல் நீங்கள் போடும் பணம்தான். அதனால்தான் தவணையில் ஒரு சின்ன மாற்றம், மொத்தத்தில் பயங்கரமான மாற்றமாகிறது. 20 வருடத்தை 30 ஆக்கினால் மாதம் சுமார் 3,950 ரூபாய் மிச்சம், ஆனால் மொத்தம் 83 லட்சத்திலிருந்து 1 கோடியே 10 லட்சத்துக்கு ஏறிவிடும். 15 ஆக்கினால் மாதம் 4,700 ரூபாய் கூட, மொத்தம் 71 லட்சத்துக்கு இறங்கிவிடும். ஆனால் வீட்டுக் கடன் வாங்கும்போது நாம் பேரம் பேசுவது எதற்கு? கால் சதவீதம், அரை சதவீதம் வட்டிக்கு. பேசத்தான் வேண்டும், அரை சதவீதம் குறைந்தால் மூன்று லட்சம் மிச்சமாகும். ஆனால் 27 லட்சம் வித்தியாசம் வரும் வருடக் கணக்கை மட்டும் மேசைக்கு அந்தப் பக்கம் இருப்பவர் "தவணை உங்களுக்குச் சுமையா இருக்காது சார்" என்று சொல்லி நிரப்பிக் கொடுக்கிறார், நாமும் கையெழுத்துப் போடுகிறோம்.

சரி, இதுவரை போட்டதெல்லாம் வட்டி 20 வருடமும் அசையாமல் இருக்கும் என்ற கணக்கு. இந்தியாவில் வீட்டுக் கடன்களில் பெரும்பாலானவை மாறும் வட்டி. 2019 அக்டோபர் முதல் வங்கிகள் புதிதாகக் கொடுக்கும் மாறும் வட்டி வீட்டுக் கடன்கள் ரெப்போ (வங்கிகளுக்கு ரிசர்வ் வங்கி கொடுக்கும் குறுகிய காலக் கடனின் வட்டி) போன்ற வெளி அளவுகோல் ஒன்றோடு கட்டப்பட்டிருக்க வேண்டும் என்று ரிசர்வ் வங்கி சொல்லிவிட்டது. (வீட்டுவசதி நிதி நிறுவனங்களுக்கு இந்தக் கட்டாயம் இல்லை, அவை தங்கள் சொந்த அடிப்படை விகிதத்தை வைத்துக்கொள்கின்றன, கடன் வாங்கும் முன் இதைக் கேட்டுவிடுவது நல்லது.) 2020 மே முதல் 2022 மே வரை ரெப்போ 4 சதவீதத்தில் கிடந்தது, வீட்டுக் கடன் 6.75 சதவீதத்துக்கெல்லாம் கிடைத்தது. அப்புறம் பத்தே மாதத்துக்குள் ரெப்போ 6.5 சதவீதத்துக்குப் போய்விட்டது.

அந்த நேரத்தில் என்ன நடந்தது என்பதைக் கொஞ்சம் கிட்டத்தில் பார்க்கலாம். 2021 ஆகஸ்டில் ஒருவர் 40 லட்சத்தை 6.75 சதவீதத்தில் 20 வருடத்துக்கு எடுக்கிறார். தவணை 30,414. ஒன்றரை வருடம் கட்டியதும் பாக்கி 38 லட்சத்து 50 ஆயிரம். வட்டி படிப்படியாக ஏறியதை விட்டுவிட்டு, கணக்கின் எளிமைக்காக 2023 பிப்ரவரியில் ஒரேயடியாக 9.25 ஆனது என்று வைத்துக்கொள்வோம். அந்த மாத வட்டி 29,680 ரூபாய்க்குமேல். பெரும்பாலான வங்கிகள் செய்தது போலத் தவணையைத் தொடாமல் அதே 30,414-ஐ எடுத்தால், அசலுக்கு மிஞ்சுவது 733 ரூபாய். இந்த வேகத்தில் கடன் முடிய இன்னும் 485 மாதம் ஆகும். 40 வருடம்! மாதாமாதம் அக்கவுன்ட்டில் அதே தொகை போய்க்கொண்டிருந்ததால் நிறையப் பேருக்கு எதுவும் நடந்ததே தெரியவில்லை. கடன் முடியும் தேதி மட்டும் ஓய்வு பெறும் வயதைத் தாண்டி எங்கேயோ போய்விட்டது. உண்மையில் எந்த வங்கியும் 40 வருடத்துக்கு விடாது, ஒரு கட்டத்தில் தவணையை ஏற்றத்தான் செய்யும், ஆனால் அதுவரை போன மாதங்கள் போனவைதான். 18 வருடம் 6 மாதம் என்ற பழைய கெடுவிலேயே முடிக்க வேண்டுமானால் தவணையை அப்போதே சுமார் 36,280 ஆக்கியிருக்க வேண்டும்.

புகார்கள் குவிந்து, 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி ஒரு சுற்றறிக்கை விட்டது. வட்டி மாறும்போது தவணையை ஏற்றுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டும் கலந்தா என்று கடன் வாங்கியவரைக் கேட்க வேண்டும், மாத வட்டியைக்கூடத் தவணை ஈடுகட்டாமல் கடன் வளரும் நிலைக்குக் கொண்டுபோகக் கூடாது என்றெல்லாம் அதில் இருக்கிறது. ஆனால் அது நடக்கிறதா என்று நாம்தான் கவனிக்க வேண்டும், அதனால் வருடத்துக்கு ஒரு முறையாவது ஸ்டேட்மென்ட்டில் மீதித் தவணை எண்ணிக்கையைப் பாருங்கள். 2025-இல் ரெப்போ நான்கு தடவை குறைந்து 5.25-க்கு வந்தது. வட்டி இறங்கும்போது தவணையைக் குறைத்துக்கொள்ளாமல் அப்படியே விட்டால், 2023-இல் நீண்ட அதே கணக்கு இப்போது உங்கள் பக்கம் வேலை செய்யும்.

இன்னொரு விஷயம், ரெப்போவுக்கு மேல் வங்கி சேர்க்கும் ஸ்பிரெட். புதிதாக வருபவருக்கு அதைக் குறைத்துக் கொடுப்பார்கள், பத்து வருடமாக ஒழுங்காகக் கட்டுகிற பழைய வாடிக்கையாளர் பழைய ஸ்பிரெட்டிலேயே இருப்பார், தானாக யாரும் வந்து குறைக்க மாட்டார்கள். கேட்டால், சின்னக் கட்டணம் வாங்கிக்கொண்டு மாற்றித் தருவார்கள். இல்லையென்றால் கடனை வேறு வங்கிக்கு மாற்றலாம். அரை சதவீதத்துக்கு மேல் வித்தியாசம் இருந்து, மீதிக் காலமும் நிறைய இருந்தால் அலைச்சலுக்கு லாபம்தான்.

இனி, 83 லட்சம் என்ற எண்ணைக் கொஞ்சம் உடைக்க வேண்டும், ஏனென்றால் அது பயமுறுத்துகிற அளவுக்கு உண்மையானது இல்லை. 240-வது மாதம் நீங்கள் கட்டும் 34,713 ரூபாய், இன்றைய 34,713 இல்லை. விலைவாசி வருடத்துக்கு 5 சதவீதம் ஏறுகிறது என்று வைத்தால் அந்தக் கடைசித் தவணைக்கு இன்றைய மதிப்பு சுமார் 13,100 ரூபாய்தான். எல்லாத் தவணைகளையும் இப்படி இன்றைய மதிப்புக்குக் கொண்டுவந்து கூட்டினால் சுமார் 53 லட்சத்து 10 ஆயிரம் வருகிறது. 40 லட்சத்தை 20 வருடம் வைத்திருந்ததற்கு நிஜமான செலவு, இந்தக் கணக்கில், 13 லட்சத்து 10 ஆயிரம். பணவீக்கம் கடன்காரனுக்கு நண்பன் என்று சொல்வது இதைத்தான். ஆனால் இது வேலை செய்ய உங்கள் சம்பளமும் விலைவாசியோடு ஏற வேண்டும். சம்பளம் நின்றுபோனவருக்கு அரிசி விலை மட்டும் ஏறும், தவணை இறங்காது. ஐம்பது வயதில் 20 வருடக் கடன் எடுப்பவருக்கு இந்த ஆறுதல் அவ்வளவாகப் பொருந்தாது.

முன்கூட்டிக் கட்டுவதைப் பற்றிப் பேசாமல் முடியாது. தனிநபர்கள் எடுத்த மாறும் வட்டி வீட்டுக் கடனை முன்கூட்டி அடைத்தால் வங்கிகள் அபராதம் வாங்கக் கூடாது என்பது 2012-லிருந்தே இருக்கிற விதி, இன்னும் நிறையப் பேருக்குத் தெரியாது. நம் 40 லட்சக் கடனில் முதல் வருட முடிவில் போனஸ் வந்தது, ஒரு லட்சத்தை அசலில் போடுகிறீர்கள், தவணையை மாற்றவில்லை. கடைசியில் கிட்டத்தட்ட 14 தவணைகள் காணாமல் போகும், அதாவது 4 லட்சத்து 77 ஆயிரம். அதே ஒரு லட்சத்தை 15-வது வருட முடிவில் போட்டால் நான்கு தவணைக்குக் கொஞ்சம் மேல், ஒன்றரை லட்சம். ஆரம்பத்தில் போட்ட பணம் அதிக வருடம் வட்டியைத் தடுக்கிறது, அவ்வளவுதான். கட்டும்போது "காலத்தைக் குறையுங்கள், தவணையை வேண்டாம்" என்று எழுதிக் கொடுங்கள், வாய்ச்சொல் போதாது.

அந்த ஒரு லட்சத்தை மியூச்சுவல் ஃபண்டில் போட்டால் 12 சதவீதம் வருமே என்று கேட்பவர்கள் உண்டு. வரலாம். ஆனால் அசலில் போட்ட பணம் 8.5 சதவீதத்தை உறுதியாக, வரி இல்லாமல் தருகிறது. 7 சதவீத எஃப்.டி. 30 சதவீத வரி வரம்பில் இருப்பவருக்குக் கையில் 5 சதவீதத்துக்கும் குறைவாகத்தான் நிற்கும். எஃப்.டி.யில் பெரிய தொகையைப் போட்டுவிட்டு வீட்டுக் கடனும் கட்டிக்கொண்டிருப்பவர்களை எனக்குப் புரிந்துகொள்ள முடிவதில்லை. ஆறு மாதச் செலவுக்குக் கையிருப்பு வேண்டும், சரி, அதற்கு மேல் எதற்கு? வரிச்சலுகைக்காகக் கடனை நீட்டுவதும் அப்படித்தான். பழைய வரி முறையில் குடியிருக்கும் வீட்டுக்கு வருடம் 2 லட்சம் வட்டி வரைதான் கழிவு, நம் கடனில் முதல் வருட வட்டியே 3 லட்சத்து 37 ஆயிரம். புதிய வரி முறையில் அந்த 2 லட்சமும் இல்லை.

பக்கவாட்டுச் செலவுகளில் இரண்டை மட்டும் சொல்கிறேன். தமிழ்நாட்டில் பழைய வீடோ மனையோ வாங்கினால் முத்திரைத்தாள் 7 சதவீதம், பதிவுக் கட்டணம் 2 சதவீதம். பத்து லட்சத்துக்கு மேற்பட்ட வீடுகளுக்கு இந்தச் செலவை வீட்டு மதிப்பில் சேர்த்து வங்கி கடன் தர முடியாது. அதனால் நகையை அடகு வைத்தோ தனிநபர் கடன் எடுத்தோதான் பலர் பதிவுக்குப் போகிறார்கள், அந்த வட்டி 83 லட்சத்தில் சேரவே சேராது. அடுத்தது, கடனோடு சேர்த்துத் தலையில் கட்டும் ஒற்றைப் பிரீமியம் காப்பீடு. 1 லட்சத்து 20 ஆயிரம் பிரீமியத்தைக் கடனிலேயே ஏற்றினால் மாதம் 1,041 ரூபாய், 20 வருடத்தில் இரண்டரை லட்சம். குடும்பத்துக்காகக் காப்பீடு தேவைதான், ஆனால் இதை அவர்களிடமே எடுக்க வேண்டும் என்று சட்டக் கட்டாயம் இல்லை. தனியாக டேர்ம் பாலிசி (குறிப்பிட்ட காலத்துக்குள் இறந்தால் மட்டும் பணம் தரும் ஆயுள் காப்பீடு) விலையைக் கேட்டுவிட்டு முடிவு செய்யுங்கள்.

கடைசித் தவணை போன பிறகும் கொஞ்சம் வேலை இருக்கிறது. மூலப்பத்திரங்களை 30 நாளுக்குள் திருப்பித் தர வேண்டும், வங்கியின் தவறால் தாமதமானால் நாளுக்கு 5,000 ரூபாய் ஈடு தர வேண்டும் என்பது 2023 டிசம்பர் முதல் அமலில் இருக்கும் ரிசர்வ் வங்கி விதி. பத்திரம் கைக்கு வந்ததும், கடன் வாங்கும்போது உரிமைப் பத்திர ஒப்படைப்பைப் பதிவு செய்திருந்தால், சார்பதிவாளர் அலுவலகத்தில் கடன் தீர்ந்த ரசீது ஆவணத்தையும் பதிந்துவிடுங்கள். ஒரு வாரம் கழித்து வில்லங்கச் சான்று போட்டுப் பார்த்து, அந்த ரசீதுப் பதிவு அதில் ஏறியிருக்கிறதா என்று சரிபாருங்கள்.