கத்தரிப்புத் தேதியைக் கிடாவிலிருந்து எண்ணுங்கள்

செங்கல்பட்டு, காஞ்சிபுரம், திருவள்ளூர் என்று சென்னையைச் சுற்றி மேயும் சென்னை சிவப்பு செம்மறி ஆட்டுக்குக் கம்பளி கிடையாது, குட்டை முடிதான். மேச்சேரியும் அப்படியே. இவற்றுக்கு வாலடியிலும் மடியைச் சுற்றியும் முடியைக் குறைத்தால் போதும். கோயம்புத்தூர் குரும்பை, நீலகிரி ஆடுகளையோ அவற்றின் கலப்பையோ இங்கே வளர்த்தால்தான் முழுக் கத்தரிப்பு தேவை. அதில் தேதி பிசகினால், அடி விழுவது சினை பிடிப்பதில்.

முதலில் கிடா. ஆட்டின் உடல் வெப்பம் சுமார் 39 டிகிரி செல்சியஸ். விதைகள் அதைவிட 4 முதல் 6 டிகிரி குளிர்ந்திருந்தால்தான் விந்தணு ஒழுங்காக உருவாகும். உருவாக ஏறக்குறைய 7 வாரம், முதிர்ந்து வெளிவர மேலும் 2 வாரம். அதனால் இன்றைக்குக் கம்பளியோடு வெயிலில் வெந்த கிடா, இரண்டு மாதம் வரைகூடத் தரம் குறைந்த விந்தையே தரலாம். தெம்பாகத்தான் ஏறும், ஆடுதான் சினை நிற்காது. சேர்க்கைக்கு 8 வாரம் முன்பே கிடாவைக் கத்தரித்துவிட வேண்டும். விதைப்பை மேல் வளர்ந்த கம்பளியையும் விடக்கூடாது. அங்கே தோல் மெல்லிசு, மடிப்பு மடிப்பாக வரும். ஒரு கையால் இழுத்துப் பிடித்துக்கொண்டுதான் கத்தரி வைக்கணும்.

பெட்டைக்கு 17 நாளுக்கு ஒருமுறை பருவம் வரும். இரண்டு சுற்றுக்குக் கிடாவை விட்டால் 34 நாள். கிடாவைப் பிரித்து நான்கைந்து வாரமாவது பெட்டையைப் புரட்டி எடுக்காதீர்கள், கரு அப்போதுதான் ஒட்டுகிறது. சினைக்காலம் 147 நாள். குட்டி போட 6 வாரம் இருக்கும்போது கத்தரிப்பது நல்லது. மடி சுத்தமாக இருக்கும், பிறந்த குட்டி சாணி ஒட்டிய கம்பளியைச் சப்பாமல் காம்பைப் பிடிக்கும்.

சென்னையில் இந்தக் கணக்கைக் கெடுப்பது வடகிழக்குப் பருவமழை. ஜூலை 15-இல் கிடாவை விட்டால் முதல் குட்டி டிசம்பர் 9 வாக்கில் விழும். கத்தரிப்பு அக்டோபர் கடைசிக்கு வரும், அதாவது கொட்டுகிற மழையில். ஈரக் கம்பளியைச் சாக்கில் அடைத்தால் சூடேறிப் பூஞ்சை பிடிக்கும். மொட்டை ஆடு நனைந்தால் சளிக்காய்ச்சல்தான். செப்டம்பர் 15-இல் விட்டால் பிப்ரவரி 9-இல் முதல் குட்டி, டிசம்பர் கடைசியில் கத்தரிப்பு. கடைசியாகச் சினைப்பட்ட ஆட்டுக்கும் அப்போது சுமார் 70 நாள் ஆகியிருக்கும், பயமில்லை. கிடாவுக்குக் கத்தரிப்பு ஜூலை 20 சுமார்.

கத்தரிக்கும் முன் ஓர் இரவு மட்டும் தீவனத்தை நிறுத்துங்கள். நிரம்பிய வயிறு, ஆட்டை உட்கார வைக்கும்போது நுரையீரலை அழுத்தி மூச்சுத் திணற வைக்கும். அதற்காக ஒரு நாளுக்கு மேல் பட்டினி போட்டால், இரட்டைக் குட்டி சுமக்கும் ஆடு தன் கொழுப்பை வேகமாகக் கரைத்து, ரத்தத்தில் கீட்டோன் (கொழுப்பு கரையும்போது உண்டாகும் பொருள்) ஏறிப் படுத்துவிடும். முடித்த கையோடு அடர்தீவனமும் தண்ணீரும் வைத்து நிழலில் கட்டுங்கள். தோல் தெரிய வழிக்காமல் கொஞ்சம் மயிர் விட்டால் வெயில் சுடாது. கீறல் பட்ட இடத்தில் அயோடின் கரைசலும், சுற்றிலும் வேப்பெண்ணெயும் தடவாவிட்டால் ஈ முட்டையிட்டுப் புழு வைத்துவிடும்.

குட்டி போட நான்கு வாரம்கூட இல்லாத ஆடு கத்தரிப்பில் விடுபட்டிருந்தால் படுக்கப் போடாதீர்கள். நிற்க வைத்தே மடியையும் வாலடியையும் வெட்டிவிட்டு, மற்றதைக் குட்டி போட்டபின் பார்த்துக்கொள்ளலாம்.