கடைசி டியூ எந்த மாதம்?

2023 ஜூன் கடைசியில் ஒருவர் என்னைப் பார்க்க வந்தார். வயது 44. கோவையில் பம்பு தயாரிக்கும் கம்பெனி ஒன்றில் சூப்பர்வைசர். சரவணம்பட்டி பக்கம் 50 லட்சத்துக்கு வீடு வாங்கியிருந்தார், அதில் 40 லட்சம் வங்கிக் கடன். கையில் வங்கியிலிருந்து வந்த கடிதம். மடித்து மடித்துப் பிரித்ததில் நடுவில் கிழிந்தே போயிருந்தது.

"ரெண்டு வருஷம் நாலு மாசமா ஒரு டியூ தவறலைங்க சார். இப்போ டியூவைக் கூட்டணும்னு எழுதியிருக்காங்க. நான் என்ன தப்புப் பண்ணினேன்?" என்றார்.

அவர் ஒரு தப்பும் பண்ணவில்லை. 2021 தொடக்கத்தில் கடன் வாங்கும்போது வட்டி 6.75 சதவீதம். 20 வருடத்துக்கு மாதம் 30,415 ரூபாய். வீட்டுக்கடன் அவ்வளவு மலிவாகக் கிடைத்த காலம் அது. 2022 மே மாதத்திலிருந்து ரிசர்வ் வங்கி ரெப்போ வட்டியை, அதாவது வங்கிகளுக்குத் தான் தரும் கடனுக்கான வட்டியை, ஏற்றத் தொடங்கியது. 4 சதவீதமாக இருந்தது 2023 பிப்ரவரிக்குள் 6.50 ஆனது. இவருடைய கடன் ரெப்போவோடு இணைக்கப்பட்டது என்பதால், இவர் வட்டியும் அதே இரண்டரை சதவீதம் ஏறி 9.25 ஆகிவிட்டது. ஆனால் டியூ மட்டும் ஏறவில்லை. அதே 30,415 மாதாமாதம் கணக்கிலிருந்து பிடிக்கப்பட்டதால், ஒன்றும் மாறவில்லை என்றே அவர் நினைத்துக்கொண்டிருந்தார்.

மாறியது தவணைக்காலம். நிலுவை 38 லட்சத்து 35 ஆயிரம். அதற்கு 9.25 சதவீதத்தில் ஒரு மாத வட்டி 29,561 ரூபாய். அவர் கட்டும் 30,415-இல் அது போக அசலுக்குப் போனது 854 ரூபாய்தான். இந்த வேகத்தில் கட்டினால் கடன் முடிய இன்னும் 38 வருடத்துக்கு மேல் ஆகும். அப்போது அவருக்கு வயது 82 தாண்டியிருக்கும். வங்கி தன்னால் முடிந்த மட்டும் காலத்தை நீட்டிப் பார்த்துவிட்டு, அதற்குமேல் ஓய்வு வயது தடையாக நின்றபோதுதான் அந்தக் கடிதத்தை அனுப்பியிருந்தது.

இந்தக் கணக்கை ஒரு தாளில் எழுதிக் காட்டினேன். 854 என்ற எண்ணையே ரொம்ப நேரம் பார்த்துக்கொண்டிருந்தார்.

வங்கியில் வீட்டுக்கடன் பிரிவில் 18 வருடம் வேலை பார்த்தவன் நான். மேசைக்கு எதிரில் உட்கார்ந்தவர்கள் முதலில் கேட்டது பெரும்பாலும் ஒரே கேள்விதான்: "மாசம் எவ்வளவு வரும்?" அந்தத் தொகை சம்பளத்துக்குள் அடங்கினால் கையெழுத்துப் போட்டுவிடுவார்கள். கடைசி டியூ எந்த வருடம், எந்த மாதம் என்று கேட்டவர்களை விரல்விட்டு எண்ணிவிடலாம். வீட்டுக்கடனின் உண்மையான விலை அந்த இரண்டாவது கேள்விக்குள்தான் இருக்கிறது.

புதிதாக ஒருவர் 40 லட்சம் வாங்குகிறார், வட்டி 8.5 சதவீதம், காலம் 20 வருடம் என்று வைத்துக்கொள்வோம். மாதம் 34,713 ரூபாய். வட்டி மாறாமலே இருந்தால் கடைசியில் அவர் கட்டியிருக்கும் மொத்தம் சுமார் 83 லட்சத்து 31 ஆயிரம். வாங்கிய கடனைவிட வட்டி அதிகம். இதுவரை பலரும் கேள்விப்பட்டதுதான். எப்படி அப்படி ஆகிறது என்பதைத்தான் கொஞ்சம் நிதானமாகப் பார்க்க வேண்டும்.

முதல் மாதம் 40 லட்சத்துக்கு வட்டி 28,333. கட்டுகிற 34,713-இல் அது போக மீதி 6,380 மட்டும் அசலில் கழியும். அடுத்த மாதம் அசல் அந்த 6,380 அளவுக்குக் குறைந்திருக்கும், வட்டியும் துளி குறையும். இப்படி நத்தை வேகத்தில்தான் நகரும். ஐந்து வருடம் விடாமல் கட்டிய பிறகு கணக்கைப் பார்த்தால், கையை விட்டுப் போனது 20 லட்சத்து 83 ஆயிரம், நிலுவை 35 லட்சத்து 25 ஆயிரம். பத்து வருடம் முடிந்து, அதாவது பாதிக் காலம் போன பிறகும் 28 லட்சம் பாக்கி நிற்கும். டியூவில் பாதிக்கு மேல் அசலுக்குப் போகத் தொடங்குவது 12-ஆவது வருடத்தின் கடைசியில்தான். வங்கி ஏமாற்றுகிறது என்று இதைச் சொல்லிவிட முடியாது. நிலுவை பெரிதாக இருக்கும்போது வட்டியும் பெரிதாகத்தான் இருக்கும், கணக்கு நேர்மையானதுதான். ஐந்தாறு வருடத்தில் வீட்டை விற்றுவிட்டு வேறு ஊருக்குப் போக நினைக்கிறவர்கள் மட்டும் இதை முன்பே தெரிந்துகொள்ள வேண்டும். விற்ற பணத்தில் வங்கிக்குப் போவது அவர்கள் நினைத்ததைவிடப் பல லட்சம் கூடுதலாக இருக்கும்.

சரி, காலத்தை மாற்றினால் என்ன ஆகும்? இதே கடனை 30 வருடத்துக்கு வாங்கினால் மாதம் 30,757. இருபது வருடக் கடனைவிட டியூ 3,956 ரூபாய்தான் குறைவு. அந்த நாலாயிரத்துக்கும் குறைவான தொகைக்காக மொத்த வட்டி 43 லட்சத்திலிருந்து 70 லட்சத்துக்கு மேல் போய்விடும். அதையே 15 வருடத்துக்கு வாங்கினால் மாதம் 39,390, மொத்த வட்டி 31 லட்சத்துக்குள் அடங்கும். "முப்பது வருஷம் போட்டுக்கலாம் சார், டியூ லேசா இருக்கும்" என்று நானே எத்தனையோ பேரிடம் சொல்லியிருக்கிறேன். டியூ லேசாக இருக்கும் என்பது உண்மை. அந்த லேசுக்கு 27 லட்சம் விலை என்பதையும் அதே மூச்சில் சொல்லியிருக்க வேண்டும். அதைச் சொல்லாமல் விட்ட முகங்கள் இன்றும் நினைவில் இருப்பதால்தான் இதை எழுதுகிறேன்.

கடன் தொகைக்கு வெளியே இருக்கும் செலவுகளையும் பார்த்துவிடுவோம். 30 லட்சத்துக்கு மேல் 75 லட்சம் வரையான கடனுக்கு, சொத்து மதிப்பில் 80 சதவீதம்தான் வங்கி தரலாம். மீதி நம் கைப்பணம். தமிழ்நாட்டில் தனி வீட்டுக்கு முத்திரைத் தீர்வை 7 சதவீதம், பதிவுக் கட்டணம் 2 சதவீதம், ஆக ஐம்பது லட்சத்துக்கு நாலரை லட்சம். இதைக் கடனுக்குள் சேர்க்க மாட்டார்கள். அப்புறம் பிராசஸிங் ஃபீஸ், வக்கீல் ஒப்பீனியன், மதிப்பீட்டாளர் கட்டணம், பத்திரத்தை வங்கியில் வைப்பதற்கான ஒப்படைப்பு ஆவணப் பதிவு. இந்தக் கைப்பணத்தைத் திரட்ட நகைக்கடன், பர்சனல் லோன் என்று ஓடுகிற குடும்பங்களைப் பார்க்கும்போது எனக்குப் பதறும். முதல் இரண்டு வருடம் அவர்கள் மூன்று டியூ கட்டுகிறார்கள். வீட்டுக்கடன் ஒன்றுக்குத்தான் சம்பளம் கணக்குப் போடப்பட்டிருக்கும்.

இன்னொன்று, கடனோடு சேர்த்துத் தலையில் கட்டப்படும் காப்பீடு. "இது கம்பல்சரி" என்பார்கள். அப்படி ஒரு விதியும் இல்லை. ஒரே தவணையாக ஒன்றரை லட்சம் பிரீமியம் என்றால் அதையும் கடனிலேயே ஏற்றிவிடுவார்கள், கைப்பணம் போகாததால் யாருக்கும் உறைக்காது. 8.5 சதவீத வட்டியில் 20 வருடம் கழித்து அந்த ஒன்றரை லட்சத்துக்கு நீங்கள் கட்டியிருப்பது 3 லட்சத்து 12 ஆயிரம். தலைமேல் 40 லட்சம் கடன் இருக்கிறவருக்கு ஆயுள் காப்பீடு கட்டாயம் வேண்டும், அதில் எனக்கு இரண்டாவது கருத்து இல்லை. அதைத் தனி டேர்ம் பாலிசியாக, வருடாவருடம் பிரீமியம் கட்டி எடுங்கள். கடனை வேறு வங்கிக்கு மாற்றினாலும் பாலிசி உங்களோடு வரும்.

வரிச்சலுகையை நம்பிக் கடனை நீட்டி வைத்திருப்பவர்களும் உண்டு. சொந்தமாகக் குடியிருக்கும் வீட்டுக்கடன் வட்டிக்கு ஆண்டுக்கு 2 லட்சம் வரை கழிவு என்பது பழைய வரி முறையில்தான். புதிய முறையில் அது கிடையாது. 2023-24 நிதியாண்டிலிருந்து நாம் வேறு எதையும் தேர்ந்தெடுக்காவிட்டால் புதிய முறைதான் பொருந்தும். பழைய முறையில் இருந்தாலும், 30 சதவீத வரி கட்டுபவருக்கு ஒரு ரூபாய் வட்டிக்கு 30 பைசாதான் மிச்சம். மீதி 70 பைசா போனது போனதுதான்.

பழைய கடன்காரர்களுக்கு ஒரு வார்த்தை. 2019 அக்டோபருக்குப் பிறகு வங்கிகள் தரும் மாறும் வட்டி வீட்டுக்கடன்கள் ரெப்போ போன்ற வெளி அளவுகோலோடு இணைக்கப்பட்டவை. அதற்கு முன்னால் வாங்கியவர்கள் பலர் இன்னும் வங்கி தன் நிதிச் செலவை வைத்துத் தானே நிர்ணயிக்கும் எம்.சி.எல்.ஆர். முறையில், சிலர் அதற்கும் முந்தைய அடிப்படை வட்டி முறையில் இருக்கிறார்கள். பக்கத்து வீட்டுக்காரருக்குப் போன மாதம் 8.5-க்குக் கொடுத்த அதே வங்கி உங்களிடம் 9.25 வாங்கிக்கொண்டிருக்கலாம். தானாக யாரும் குறைத்துத் தர மாட்டார்கள், எழுதிக் கேட்க வேண்டும். 35 லட்சம் நிலுவை, 15 வருடம் பாக்கி என்றால் இந்த முக்கால் சதவீதம் மாதம் 1,556 ரூபாய், மொத்தத்தில் 2 லட்சத்து 80 ஆயிரம். மாற்றுவதற்கான கட்டணம் எவ்வளவு என்று கேட்டு இதோடு ஒப்பிட்டுப் பாருங்கள். கிளையில் இழுத்தடித்தால் வேறு வங்கியின் வட்டி விவரத்தைக் கையில் வைத்துக்கொண்டு பேசுங்கள். பல நேரம் அதற்கே காரியம் நடந்துவிடும்.

முன்கூட்டிக் கட்டுவதைப் பற்றிப் பலருக்கும் ஒரு பயம் இருக்கிறது, அபராதம் போடுவார்களோ என்று. தனிநபருக்குத் தந்த மாறும் வட்டி வீட்டுக்கடனில் வங்கிகள் அப்படி வாங்கக் கூடாது என்று ரிசர்வ் வங்கி 2012-லேயே தடுத்துவிட்டது. பெரிய தொகை சேரட்டும் என்று காத்திருக்கவும் தேவையில்லை. மேலே சொன்ன 34,713 ரூபாய் டியூவோடு முதல் மாதத்திலிருந்தே 3,000 கூட்டிக் கட்டினால் கடன் சுமார் மூன்றரை வருடம் முன்னால் முடியும், வட்டியில் கிட்டத்தட்ட 9 லட்சம் மிச்சமாகும். கட்டும்போது ஒன்றை மட்டும் எழுத்தில் கொடுங்கள்: "டியூவைக் குறைக்க வேண்டாம், காலத்தைக் குறையுங்கள்." இதைச் சொல்லாவிட்டால் சில இடங்களில் டியூவைக் குறைத்துவிட்டுக் காலத்தை அப்படியே வைத்துவிடுவார்கள்.

"இருபது வருஷம் கழித்து 34,000 ரூபாய்க்கு என்ன மதிப்பு இருக்கப்போகிறது, அந்தப் பணத்தை மியூச்சுவல் ஃபண்டில் போட்டால் கூட வருமே?" என்று இளைஞர்கள் கேட்கிறார்கள். நியாயமான கேள்வி. விலைவாசியும் சம்பளமும் ஏற ஏற டியூவின் கனம் குறையும் என்பது உண்மை. மாதாமாதம் தவறாமல் முதலீடு செய்து, சந்தை விழும்போதும் கை வைக்காமல் இருப்பவர் என்றால் அந்த வழியிலேயே போகட்டும். நான் பார்த்தவரை அந்த 3,000 ரூபாய் ஃபண்டுக்கும் போகாமல், கடனுக்கும் போகாமல் கரைந்துவிடுகிறது. ஆறு மாதச் செலவுக்கான பணம் தனியாக இருக்கட்டும், அதற்கு மேல் மிஞ்சுவதில் ஒரு பங்கு கடனுக்கு என்பதுதான் என் கட்சி.

பம்பு கம்பெனிக்காரருக்கு வருகிறேன். கடன் வாங்கும்போது சொன்ன அதே 2041 பிப்ரவரியில் முடிய வேண்டும் என்றால் டியூ எவ்வளவு இருக்க வேண்டும் என்று கணக்குப் போட்டோம். 36,783 வந்தது. 6,368 ரூபாய் கூடுதல். அந்தத் தொகைதான் 38 வருடத்தை 17 வருடம் 8 மாதமாகச் சுருக்கியது. வீட்டுக்காரம்மாவிடம் கேட்டுவிட்டு வருகிறேன் என்று போனார். ஒரு சீட்டை முடித்துக்கொண்டு, மறு வாரமே வங்கியில் எழுதிக் கொடுத்துவிட்டார்கள்.

அவர் வந்துபோன இரண்டு மாதத்துக்குள், ஆகஸ்ட் 18-ஆம் தேதி, ரிசர்வ் வங்கி இதற்கென்றே ஒரு சுற்றறிக்கை வெளியிட்டது. வட்டி மாறும்போது டியூவைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டையும் கலந்து செய்வதா என்று வாடிக்கையாளரிடம் கேட்க வேண்டும். இதுவரை கட்டிய அசல், வட்டி, பாக்கித் தவணைகள் எத்தனை என்று மூன்று மாதத்துக்கு ஒருமுறை விவரம் தர வேண்டும். காலத்தை நீட்டுவதால் டியூ வட்டிக்கே போதாமல் கடன் வளர்ந்துபோகும் நிலை வரக் கூடாது. இவையெல்லாம் இப்போது உங்கள் உரிமை. அந்த மூன்று மாத விவரம் உங்களுக்கு வருகிறதா என்று பாருங்கள். வரவில்லை என்றால் கிளையில் கேளுங்கள். வந்தால் பாக்கித் தவணைகளின் எண்ணிக்கையை முதலில் பாருங்கள், போன முறையைவிட மூன்று குறைந்திருக்க வேண்டும்.

2025-இல் ரெப்போ இறங்கத் தொடங்கியது. ஜூனுக்குள் 6.50-லிருந்து 5.50 ஆனது. அவர் போன் பண்ணினார். வட்டி 8.25 ஆகியிருக்கிறது, டியூவைக் குறைத்துக்கொள்ளலாமா என்று மகன் கேட்கிறானாம். குறைக்க வேண்டாம், 36,783 அப்படியே போகட்டும் என்றேன். கணக்கைப் போட்டுப் பார்த்ததில் கடைசி டியூ 21 மாதம் முன்னால் வந்திருந்தது.

"2039 மே," என்று சொன்னேன்.

எதிர்முனையில் கொஞ்ச நேரம் சத்தமே இல்லை. விரலால் எண்ணிக்கொண்டிருந்திருப்பார் போல. "எனக்கு அறுபது ஆகிற வருஷம்ங்க சார்," என்றார். பிறகு யாரிடமோ, கடன் ஃபைலையும் ஒரு பேனாவையும் எடுத்து வரச் சொல்வது கேட்டது.