பதினாறாயிரம் பேப்பர் கப்

ஓட்டப் பந்தயங்களுக்குத் தண்ணீர் ஸ்டால் போட்டுக் கொடுப்பது என் தொழில். காலை ஐந்தரைக்குத் தொடங்கி, எட்டரைக்குள் எல்லாரும் மெடலோடு செல்ஃபி எடுத்துக் கிளம்பிவிடுவார்கள். அதன்பிறகு சாலையைப் பார்ப்பது நாங்களும் தூய்மைப் பணியாளர்களும்தான்.

பத்து கிலோமீட்டர் ஓட்டம், 2,000 பேர், நாலு ஸ்டால். ஸ்டாலுக்கு ஆளுக்கு இரண்டு கப் என்றால் 16,000 கப். ஒவ்வொன்றும் கையில் இருப்பது பத்து விநாடி.

பேப்பர்தானே, மக்கிவிடும் என்றுதான் நானும் நம்பியிருந்தேன். ஒருமுறை சென்னை பெசன்ட் நகர் கடற்கரையோரம் ஓட்டம் முடிந்து, பொறுக்கிக் கட்டிய மூட்டையைப் பழைய பேப்பர் கடைக்குக் கொண்டுபோனேன். கடைக்காரர் ஊறிப்போன ஒரு கப்பைக் கிழித்து நகத்தால் சுரண்டினார். உள்ளேயிருந்து மெல்லிய சவ்வு தனியாக உரிந்து வந்தது. "பிளாஸ்டிக் சார் இது, மில்லுல எடுக்க மாட்டாங்க." தமிழ்நாட்டில் 2019 ஜனவரி 1 முதல் தடை செய்யப்பட்ட பொருள்களில் பிளாஸ்டிக் பூசிய கப்பும் உண்டு. தண்ணீர் பாக்கெட்டை மட்டும் நிறுத்திவிட்டு நாங்கள் யோக்கியர்களாகத் திரிந்திருக்கிறோம்.

அதிகாலையில் காற்று கரையிலிருந்து கடலுக்கு வீசும். கீழே விழும் கப் அந்தப் பக்கம்தான் உருளும். ஜனவரியில் ஆமைகள் முட்டையிட ஏறிவரும் மணல் அது.

குப்பைத்தொட்டியை மேசைக்குப் பக்கத்தில் வைக்காதீர்கள், காலியாகவே இருக்கும். கப்பை வாங்கியவர் குடித்து முடிப்பதற்குள் நூறடி தாண்டியிருப்பார். தொட்டிகள் அங்கிருந்து வரிசையாக நிற்க வேண்டும்.

கப்பே இல்லாமல் முடியாதா? சொம்பால் ஊற்றிப் பார்த்தோம். அண்ணாந்து குடிப்பது நமக்குப் பழக்கம்தான். மூச்சிரைக்கும்போது அண்ணாந்தால் புரையேறுகிறது. 2019 லண்டன் மாரத்தானில் கடற்பாசிச் சவ்வில் அடைத்த பானம் கொடுத்துப் பார்த்தார்கள். நம் பட்ஜெட்டுக்கு எவர்சில்வர் டம்ளர்தான். கல்யாணங்களுக்குப் பாத்திரம் வாடகைக்கு விடும் கடையில் ஸ்டாலுக்கு முந்நூறு எடுத்து, மூன்று அண்டா வைத்துக் கழுவுகிறோம். கழுவவும் தண்ணீர் செலவாகிறது, மறுக்கவில்லை. "டைமிங் கெடும்" என்கிறார்கள் அமைப்பாளர்கள். டைமிங் பார்ப்பவர்கள் பெரும்பாலும் சொந்த பாட்டிலோடுதான் வருகிறார்கள். மற்றவர்கள் ஸ்டாலைக் கண்டாலே நடக்க ஆரம்பித்துவிடுகிறார்கள்.

மெடலில் வருடம் போடாதீர்கள், ரிப்பனில் போடுங்கள். மிஞ்சியது மறுவருடம் உதவும். பதிவுப் படிவத்தில் 'டி-ஷர்ட் வேண்டாம்' என்று ஒரு கட்டம் வையுங்கள். என் வீட்டில் பைக் துடைக்கும் துணியெல்லாம் ஓட்டங்களில் கொடுத்த டிரை-ஃபிட் டி-ஷர்ட்தான், வியர்வை சீக்கிரம் காயும் செயற்கை இழைத் துணி. அது தண்ணீரையும் ஒழுங்காக உறிஞ்சித் தொலைக்காது.